நாலு செக்கன் இரைச்சல்

ஸ்காபரோவின் அஜின்கோர்ட்டில் சண்முகலிங்கத்தின் வீட்டு நிலவறைக்கு, அவருடைய பேஸ்மென்றுக்கு, பாட்டுக் கேட்கப் போகிறவர்கள் சப்பாத்தையும் கைத்தொலைபேசியையும் மேல்வாசலில் விட்டுவிட்டுப் போகவேண்டும். சொந்த அபிப்பிராயம் ஏதும் இருந்தால் அதையும் விட்டுவிட்டுப் போவது நல்லது. இதை அவர் வாய்விட்டுச் சொல்வதில்லை. இரண்டாம் முறை வருகிறவர்களுக்குத் தானாகவே விளங்கியிருக்கும்.

ஞாயிற்றுக்கிழமை பின்னேரம் மூன்று மணிக்குச் சபை கூடும். அறையின் சரி நடுவில் ஒரு கதிரை. அது அவருடையது. இரண்டு ஒலிபெருக்கிகளின் சத்தமும் வந்து சந்திக்கிற இடம் அதுதான் என்று நாடா வைத்து அளந்து, நிலத்தில் ஒட்டுநாடாவால் அடையாளம் போட்டு வைத்திருந்தார். மற்றவர்களுக்குச் சுவரோரம் ஒரு நீளச் சோபா. "உதில இருந்தால் பாஸ் கொஞ்சம் கூடத்தான் கேக்கும். பரவாயில்லை, உங்களுக்கு வித்தியாசம் தெரியாது" என்பார். வந்தவர்கள் நன்றியோடு உட்காருவார்கள்.

பாட்டுப் போட முதல் வீடு அடங்கவேண்டும். மேலே பிரிட்ஜின் பிளக் கழற்றப்படும். டிரையர் நிற்கும். கடைசியாக, வெளியே மைனஸ் பதினெட்டாக இருந்தாலும் சரி, வீட்டைச் சூடாக்குகிற ஃபேர்னஸ் நிறுத்தப்படும். ஃபேர்னஸ் காற்றின் உறுமல் இசையின் அடிவயிற்றைக் கெடுக்கிறது என்பது அவருடைய கண்டுபிடிப்பு. அவருடைய மனைவி யோகமலர் மேலே குளிர்கோட்டைப் போட்டுக்கொண்டு பயித்தங்காய் முறித்துக்கொண்டிருப்பார். ஆறு வருடமாக ஞாயிற்றுக்கிழமைப் பின்னேரங்களில் அந்த மனிசி தன் சொந்தக் குசினியில் பஸ்ஸுக்கு நிற்கிறவர் மாதிரித்தான் இருந்தார்.

"என்னப்பா, விரல் விறைக்குது. இன்னும் எத்தினை பாட்டு?" என்று மேலிருந்து குரல் வரும்.

"இழப்பற்ற ஒலி, யோகம்! இழப்பற்ற ஒலி!" என்று கீழிருந்து பதில் போகும்.

பிள்ளைகள் லொஸ்லெஸ் என்று ஒரு சொல்லில் சொல்லிவிட்டுப் போவதை அவர் 'உயர்தெளிவு இழப்பற்ற ஒலி' என்று விரித்துச் சொல்வார். பதிவுக்கூடத்தில் பாடகி எப்படிப் பாடினாளோ அப்படியே, ஒரு மயிரிழையும் கழிக்காமல் வீட்டுக்கு வருகிற பாட்டு. "போனில நீங்கள் கேக்கிறது பாட்டில்லை. சோத்தைத் தாங்கள் வைச்சுக்கொண்டு கஞ்சியை உங்களுக்கு ஊத்துறாங்கள்." பிறகு, இருபத்துநாலு பிற், நூற்றித்தொண்ணூற்றிரண்டு கிலோஹேர்ட்ஸ் என்பார். கோயிலில் அர்ச்சனைக்கு நட்சத்திரமும் ராசியும் சொல்லுகிறவர்களுடைய முகம் அப்போது அவருக்கு வந்துவிடும்.

இத்தனைக்கும் அவர் கேட்டது பொப் பாட்டு மட்டும்தான். கொழும்பில் ஒரு காலத்தில் ஆடிப் பாடியவர்களுடைய பொப், வெள்ளைக்காரருடைய பொப், இப்போது ஸ்காபரோப் பிள்ளைகள் பாடுகிற பொப். ஏன் கீர்த்தனை இல்லையென்று யாரோ கேட்டபோது, "கீர்த்தனையைத் தகரத்திலயும் கேக்கலாம். பொப்புக்குத்தான் தெளிவு வேணும். அதில ஒலியைவிட்டா வேற என்ன இருக்கு?" என்றார். இதைக் கேட்டவர் வீட்டுக்குப் போய்ப் பத்துப் பேருக்குச் சொன்னார்.

இந்தச் செவி எங்கே வளர்ந்தது என்று கேட்டால், "நான் ஓட்டோமோட்டிவ் துறையில இருந்தனான்" என்பார். கார்க் கதவுகளுக்குத் தகடு அடிக்கிற பிரெஸ் மெசினுக்குப் பக்கத்தில் இருபத்துநாலு வருடம் நின்றதைத்தான் அப்படிச் சொன்னார். ஓய்வு பெற்றபிறகு ஒரு கலைமன்றம் அவருக்குப் பொன்னாடை போர்த்தி 'செவிச்செல்வர்' என்று பட்டம் கொடுத்தது. அடுத்த கிழமையே அது அவருடைய விசிற்றிங் கார்ட்டில் ஏறிவிட்டது.

அப்படியொரு ஜனவரி ஞாயிற்றுக்கிழமைதான் குலசிங்கம் தன் மகள் அட்சயாவைக் கூட்டிக்கொண்டு வந்தார். குலசிங்கம் வீடு விற்கிற முகவர். டோர்செட் பார்க்கில் பஸ் தரிப்பிட வாங்குகளின் முதுகில், விளம்பரப் படத்தில் அவர் சிரித்துக்கொண்டிருப்பார். மகள் நாலு பாட்டு எழுதிப் பாடியிருந்தாள். அவற்றை வெளியிட ஏப்ரலில் மண்டபம் எடுத்தாயிற்று. எங்கள் ஆட்கள் பாட்டைப் போனில் கேட்கத் தொடங்கிப் பல வருடமானாலும் சீடிக் காலத்து இறுவெட்டு வெளியீட்டு விழாவை மட்டும் கைவிடவில்லை. இறுவெட்டு இல்லாததால், போனால் ஸ்கான் பண்ணிப் பாட்டைத் திறக்கிற சதுரம் அடித்த ஒரு மட்டையை என்வலப்பில் போட்டு, அதையே சிறப்புப் பிரதி என்று பிரமுகர்களுக்கு மேடையில் கொடுப்பார்கள். விழாவில் ஆய்வுரை சண்முகலிங்கம்.

கூடவே திலக்சனும் வந்திருந்தான். பாட்டுகளை ஒலிப்பதிவு செய்தவன். முப்பத்துமூன்று வயது, பகலில் டெலிவரி வான் ஓடுகிறவன். சென் ஜேம்ஸ் ரவுணில் பதினாலாம் மாடி அப்பார்ட்மென்றில், உடுப்பு அலுமாரிக்குள் போர்வைகளைத் தொங்கவிட்டு, அட்சயாவை அதற்குள் நிற்கவைத்துத்தான் பதிவு செய்திருந்தான். விழா நோட்டீஸில் தன் பெயர் வரப்போவது அவனுக்கு இதுதான் முதல் தடவை.

முதல் இரண்டு பாட்டுக்கும் சண்முகலிங்கம் கண்ணை மூடித் தலையை ஆட்டினார். மூன்றாவது பாட்டு நன்றாக ஆடிப் பாடிக்கொண்டு போய், நடுவில் திடீரென்று எல்லா வாத்தியமும் நின்றது. நாலு செக்கன் ஒன்றுமே இல்லை. அதன்பிறகு அட்சயாவின் குரல் மட்டும் தனியே வந்தது.

சண்முகலிங்கம் கையை உயர்த்தினார்.

"நிப்பாட்டும். அந்த இடத்தைத் திருப்பிப் போடும்."

திருப்பிப் போட்டார்கள். அவர் கண்ணைத் திறந்தார். நாடி பார்த்த வைத்தியர் முகம்.

"இரைச்சல்."

"என்ன இரைச்சல் அங்கிள்?" என்றாள் அட்சயா. "எனக்கு ஒண்டும் கேக்கேல்லையே."

"உங்களுக்குக் கேக்காது பிள்ளை. ஈ எண்டு, ஊசி மாதிரி, மெல்லிசா. உயர்தெளிவில கேக்கிற காதுக்குத்தான் பிடிபடும்."

திலக்சன் முன்னுக்கு வந்தான். "அங்கிள், அந்த இடத்தில எல்லா ட்ராக்கையும் மியூட் பண்ணித்தான் விட்டிருக்கிறன். அதில சத்தம் எண்டு ஒண்டும் இல்லை. சைபர்."

"சைபருக்குள்ளயும் இரைச்சல் இருக்கும் தம்பி. அதைக் கேக்கிறதுக்குத்தானே நாங்கள் இருக்கிறம்."

குலசிங்கம் முதல் தடவை முகட்டைப் பார்த்தார். இரண்டாம் தடவை போட்டபோது, "கொஞ்சம் கேக்கிற மாதிரித்தான் இருக்கு" என்றார். மூன்றாம் தடவை, "ஓம் ஓம் அண்ணை, நல்லாக் கேக்குது! ரெண்டு காதிலயும்!" என்று சோபாவில் இருந்து எழும்பிவிட்டார்.

திலக்சன் மட்டும் ஒரு கேள்வி கேட்டான். "அங்கிள், பாட்டை நிப்பாட்டின பிறகும் கேக்குதா?"

"அப்பதான் இன்னும் நல்லாக் கேக்குது. இப்பவும் இந்த அறை முழுக்க நிக்குது தம்பி, உம்மட இரைச்சல்."

திலக்சன் அவரைக் கொஞ்ச நேரம் பார்த்தான். சப்பாத்தைப் போட்டுக்கொண்டு போய்விட்டான்.

அதற்குப்பிறகு எல்லாம் வேகமாக நடந்தது. குலசிங்கம் பாட்டுகளைத் தூக்கிக்கொண்டு மார்க்கம் நகரத்தில் ஒரு பெரிய ஸ்ரூடியோவுக்குப் போனார். அவர்கள் பிரச்சினையைச் சுலபமாகத் தீர்த்தார்கள். அந்த நாலு செக்கனுக்குள் ஒரு மேளத்தையும் புல்லாங்குழலையும் போட்டு நிரப்பினார்கள். அதைக் கேட்டுவிட்டுச் சண்முகலிங்கம், "இப்ப சுத்தம்" என்றார். அட்சயா அழுதாளாம். அந்த நாலு செக்கன்தான் தன்ர பாட்டே, மிச்சமெல்லாம் அதுக்குப் போற வழி என்றாளாம். "பிள்ளைக்கு என்ன தெரியும்?" என்றார் தகப்பன். நோட்டீஸ் திருப்பி அடிக்கப்பட்டது. ஒலிப்பதிவு என்ற இடத்தில் புது ஸ்ரூடியோவின் பெயர் இருந்தது.

கதை ஊருக்குள் நடக்கத் தொடங்கியது. யாருக்கும் கேட்காத இரைச்சலைச் செவிச்செல்வர் கேட்டார் என்று ஒரு வானொலியில் சொன்னார்கள். கல்யாண மண்டபங்களில் சண்முகலிங்கத்தைக் கண்டவர்கள் மைக்கைத் தட்டிப் பார்த்துவிட்டு, சரியோ என்று அவர் முகத்தைப் பார்த்தார்கள். இதே கதையின் மறுபக்கத்தில், திலக்சனிடம் பதிவு செய்ய இருந்த இரண்டு குழுக்கள் வேறிடம் பார்த்தன. "உவன்ர வேலையில இரைச்சலாம்" என்பதற்கு மேல் யாரும் விசாரிக்கவில்லை.

திலக்சன் ஒருநாள் வட்ஸ்அப்பில் ஒரு படம் அனுப்பினான். பாட்டின் அந்த இடத்தைக் கணினியில் அளந்த படம். நேர்கோடாக, செத்தவருடைய இதயத்துடிப்பு மாதிரிக் கிடந்தது. கீழே, "தயவுசெய்து பாருங்கோ அங்கிள்" என்று மட்டும் எழுதியிருந்தான். சண்முகலிங்கம் ஐந்து நிமிடக் குரல்செய்தி அனுப்பினார். கருவி வேறு, செவி வேறு. கருவிக்கு இரண்டு காது இருக்கிறதா. கடைசி நீதிமன்றம் காதுதான் என்ற பாங்கில் அது போனது.

அனுப்பியபிறகு அவருக்கே ஓர் எண்ணம் வந்தது. இந்தக் காதுக்கு ஒரு அத்தாட்சி எடுத்து வைத்தால் என்ன? அறுபது வயதுக்கு மேற்பட்டவர்களுக்கு இலவசமாகச் செவிப் பரிசோதனை என்று பக்கத்துப் பிளாசாவில் போர்ட் இருந்தது. அந்தக் கடுதாசியை வெளியீட்டு விழா மேடையில் எடுத்து நீட்டலாம். "ஓம், கட்டாயம் போவம்" என்று யோகமலரும் உடனே வெளிக்கிட்டார். ரிவிச் சத்தத்தை நாற்பதில் வைத்துக் கேட்கிற மனிசனைக் காதுக் கிளினிக்குக்குக் கூட்டிப்போக அவர் ஐந்து வருடமாகப் பாடுபட்டுக்கொண்டிருந்தார். இருவரும் ஒரே காரில், வேறு வேறு காரியத்துக்குப் போனார்கள்.

பரிசோதகர் பாஹிமா என்ற பிள்ளை. தலையில் இளநீல முக்காடு, முகத்தில் பொறுமை. தமிழ்ப் பெயரைக் கண்டதும் தமிழிலேயே பேசினாள்.

"வாங்க அங்கிள். என்ன பிரச்சினை?"

"பிரச்சினை ஒண்டுமில்லைப் பிள்ளை. எனக்குக் கொஞ்சம் கூடுதலாக் கேக்குது. அதை அளந்து எழுதித் தந்தாச் சரி."

பாஹிமா யோகமலரைப் பார்த்தாள். யோகமலர் கைப்பையைப் பார்த்தார்.

அவரை ஒரு சிறிய கூண்டுக்குள் இருத்தி, காதுகளில் ஹெட்போனைப் பூட்டி, கையில் ஒரு பொத்தானைக் கொடுத்தாள். சத்தம் கேட்டால் அமத்தவேண்டும். தடித்த கதவு மூடியது. இத்தனை அமைதியைச் சண்முகலிங்கம் கண்டதில்லை. தன் பேஸ்மென்றுக்கும் இப்படி ஒரு கதவு போடவேண்டும் என்று நினைத்தார். அப்படி நினைத்துக்கொண்டிருக்கும்போதே கேட்டது. ஈ என்று, ஊசி மாதிரி, மெல்லிசாக.

பொத்தானை அமத்தினார். திரும்பவும் அமத்தினார். பிறகு கண்ணாடிக்கு அப்பால் இருந்த பிள்ளைக்குக் கைகாட்டி, ஒரு பெரியமனிதருடைய சலுகையோடு சிரித்தார்.

"பிள்ளை, உங்கட மெசினில ஒரு இரைச்சல் இருக்கு. உங்களுக்குத் தெரியாமல் இருந்திருக்கும். நான் சொன்னனெண்டு கொம்பனிக்குச் சொல்லுங்கோ."

ஹெட்போனில் பாஹிமாவின் குரல் வந்தது.

"மெசின் இன்னும் போடல்ல அங்கிள்."

அவர் சிரிப்பை எடுக்க மறந்துபோனார். அது முகத்தில் அப்படியே கொஞ்ச நேரம் நின்றது.

மெசின் போட்ட பிறகு நடந்ததை விரித்துச் சொல்லத் தேவையில்லை. கடைசியில் பாஹிமா ஒரு வரைபடத்தை மேசையில் வைத்தாள். கோடு இடதுபக்கத்தில் நேராக வந்து, நடுவில் சறுக்குப்பலகை மாதிரிக் கீழே போயிற்று.

"நாலாயிரம் ஹேர்ட்ஸுக்கு மேல உங்களுக்குச் சரியான குறைவு அங்கிள். எட்டாயிரத்தில ஒண்டுமே கேக்கல்ல. மெசின் சத்தத்துக்குள்ள வேலை செஞ்சீங்களா?"

"ஓட்டோமோட்டிவ் துறை" என்றார்.

"பிரெஸ் மெசின்" என்றார் யோகமலர்.

"அதுதான். அந்த ஈ எண்ட சத்தம் வெளியில இல்ல. உங்கட காதுதான் உண்டாக்குது. சத்தத்துக்குள்ள இருக்கேக்க தெரியாது. சுத்தி அமைதியானாத்தான் தெரியும். நிறையப் பேருக்கு இருக்கி, பயப்பட வேணாம்." பிறகு, உதவியாக ஏதாவது சொல்லவேண்டும் என்று நினைத்தவளைப்போல, "பாட்டுக் கீட்டுக் கேக்கிறதா இருந்தா மெல்லமா வெச்சிக் கேளுங்க" என்றாள்.

நூற்றித்தொண்ணூற்றிரண்டு ஆயிரம் என்று ஊருக்குச் சொல்லித் திரிந்த மனிதர் எட்டாயிரத்துக்கே வந்துசேரவில்லை. வரைபடத்தை நாலாக மடித்தார். எட்டாக மடித்தார். அதற்கு மேல் மடிக்க முடியவில்லை.

காரில் யோகமலர் பழிசொல்லவில்லை. ஆறு வருடக் குளிர்கோட்டைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் அவருக்குச் சண்டை பிடிக்கவாவது ஒரு வழி கிடைத்திருக்கும். சிவப்பு லைற்றில் நிற்கும்போது மெல்லக் கேட்டார்.

"அப்ப அந்தப் பெடியன்?"

"எந்தப் பெடியன்?"

"அதுவும் கேக்கேல்லையோ உங்களுக்கு?"

வீட்டுக்கு வந்து பேஸ்மென்றுக்குள் இறங்கி, எல்லாப் பெட்டிகளின் வயர்களையும் சுவரிலிருந்து கழற்றிவிட்டு, நடுக் கதிரையில் இருந்தார். இரைச்சல் கேட்டது. தன் காதிலும் இருக்கலாம், பாட்டிலும் இருக்கலாம், இரண்டும் இருக்கக்கூடாதென்று சட்டமா என்று ஒரு வாதம் மனதில் எழும்பிற்று. நல்ல வாதம். ஐந்து நிமிடம் தாங்கியது. பிறகு, பாட்டு நின்றபிறகும் கேட்கிறதா என்று அந்தப் பெடியன் கேட்டதும், தான் சொன்ன மறுமொழியும் ஞாபகம் வந்தன. அவனுக்கு அன்றைக்கே விளங்கியிருக்கிறது. அவன் சொல்லியிருந்தால் யார் நம்பியிருப்பார்கள்? செவிச்செல்வருடைய சோபாவில் இருந்துகொண்டு, உங்களுக்குக் காது பழுது அங்கிள் என்று அவன் எப்படிச் சொல்வது?

குலசிங்கத்துக்குப் போன் எடுத்தார்.

"குலசிங்கம், அந்த இரைச்சல் விசயம் கதைக்கவேணும்."

"அண்ணை, அதைச் சொல்லாதேங்கோ! நீங்கள் சொன்னதிலயிருந்து எனக்கு எல்லாப் பாட்டிலயும் கேக்குது. நேற்று வீடு காட்டுற ஓப்பின் ஹவுஸ் ஒண்டில ஸ்பீக்கரில பாட்டுப் போட்டிருந்தவங்கள். இரைச்சல் எண்டு சொல்லி நிப்பாட்டிப்போட்டன்! எல்லாம் உங்களிட்டப் படிச்சது."

"இல்லை, நான் என்ன சொல்லவாறன் எண்டால்..."

"ஆய்வுரையில அதையும் சொல்லுங்கோ அண்ணை. சனம் விரும்பும்."

ஆய்வுரையில் சொல்வது என்று தீர்மானித்தார். எல்லோர் முன்னும் ஒப்புக்கொள்வதுதான் முறை. அந்த முடிவே அவருக்குப் பெரிய நிம்மதியைத் தந்தது. உண்மையில் ஒப்புக்கொண்டு முடித்துவிட்டதைப்போல இரண்டு நாள் சந்தோசமாகச் சாப்பிட்டார். பிறகு எழுத உட்கார்ந்தார். 'எனக்குக் காது இரைகிறது' என்று எழுதினார். மேடைக்கு அது கொஞ்சம் கொச்சையாக இருந்தது. வெட்டிவிட்டு 'அகச்செவியின் அலைவு' என்று போட்டார். 'நான் பிழை சொன்னேன்' என்பதை 'கேட்போன்பால் நின்ற குறை' என்று மாற்றினார். திலக்சன் என்ற பெயர் வருகிற இடத்தில் 'இளங்கலைஞன் ஒருவன்' என்று எழுதினார். பெயரைச் சபையில் சொன்னால் பெடியனுக்குத்தான் சங்கடம் என்று ஒரு நியாயமும் உடனே கிடைத்தது. மூன்றாம் நாள் வாசித்துப் பார்த்தபோது, எந்த வரியில் மன்னிப்புக் கேட்டிருக்கிறார் என்று அவருக்கே தேடவேண்டியிருந்தது.

ஏப்ரல் சனிக்கிழமை, பகல் பதினொரு மணி. மண்டபத்துக்குள் நுழைந்ததும் அவர் கண்ணில் முதலில் பட்டவன் திலக்சன். பின்பக்கம் ஒலி மிக்ஸருக்குப் பின்னால் நின்றான். சனி ஞாயிறுகளில் அந்த மண்டபத்தில் ஒலியமைப்புக்கு நிற்பது அவன்தான். தன் பெயர் வெட்டப்பட்ட விழாவுக்குத் தானே மைக் செற் பண்ணவேண்டியிருந்தது. சண்முகலிங்கம் தலையை ஆட்டினார். அவனும் ஆட்டினான். சம்பளத்துக்கு ஆட்டுகிற அளவு ஆட்டினான்.

மங்கல விளக்கு, வரவேற்புரை, ஆசியுரை, வாழ்த்துரை. பாட்டைப் பற்றி யாரும் பேசவில்லை. பிறகு, மேளமும் புல்லாங்குழலும் நிரப்பிய அந்த மூன்றாவது பாட்டைப் போட்டார்கள். மேடை ஓரத்தில் அட்சயா சேலைத் தலைப்பைப் பிடித்துக்கொண்டு, வேறு யாருடையதோ பாட்டு ஓடுவதைப்போல நின்றாள்.

ஆய்வுரைக்குச் சண்முகலிங்கம் எழுந்தார்.

"ஒலியென்பது புறத்தே நிகழ்வது மட்டுமன்று" என்று தொடங்கினார். "அகச்செவியின் அலைவும் ஒலியே. யான் கேட்ட ஓசை இளங்கலைஞன் ஒருவன் இழைத்த குற்றமோவெனின், அன்று. கேட்போன்பால் நின்ற குறையே அது என ஈண்டு பணிவன்புடன் பகர்வேன்."

 சபை கைதட்டத் தொடங்கியது. பணிவு, அன்பு இரண்டு சொல்லும் விளங்கியிருந்தன. அறிவிப்பாளர் மைக்கைப் பிடித்து, "எவ்வளவு பெரிய செவி, எவ்வளவு பெரிய தன்னடக்கம்!" என்றார். குலசிங்கம் கண்கலங்கி ஓடிவந்து பொன்னாடை போர்த்தினார். படம் எடுத்தார்கள். சண்முகலிங்கம் படத்துக்குப் பழக்கத்தில் சிரித்துவிட்டார்.

கீழே இறங்கி வந்து யோகமலருக்குப் பக்கத்தில் இருந்தார்.

"சொன்னீங்களோ?" என்று கேட்டார் மனிசி.

"சொன்னன்தானே. கேட்டீர்தானே."

"ஆருக்கு விளங்கிச்சு?"

 ஒருவருக்கும் விளங்கக்கூடாது என்றுதான் அவர் மூன்று நாள் இருந்து எழுதினார் என்பது யோகமலருக்குத் தெரிந்திருந்தது. கொஞ்சம் பிந்தியென்றாலும் அவருக்கும் தெரிந்திருந்தது. போர்த்திய பொன்னாடை கழுத்தில் அறுத்தது. ஜரிகைதான் அறுக்கிறது என்று நினைத்துக்கொள்ளப் பார்த்தார்.

நன்றியுரை முடிந்து சனம் சாப்பாட்டு மேசைப் பக்கம் நீள வரிசையில் நின்றது. ரோல்ஸ் வாசம் வந்தது. சண்முகலிங்கம் எழுந்து, வரிசையைத் தாண்டிப் பின்பக்கம் போனார். திலக்சன் வயர் சுற்றிக்கொண்டிருந்தான்.

"தம்பி."

"சொல்லுங்கோ அங்கிள்."

"காது சோதிச்சனான். இரைச்சல் என்ர காதிலதான். உம்மட வேலையில ஒண்டுமில்லை."

"தெரியும்."

"மேடையில சொன்னனான்..."

"கேட்டனான். நான்தானே மைக் போட்டது." அவன் வயரைக் கீழே வைத்தான். மிக்ஸரில் ஒரு பொத்தானை மேலே தள்ளி, மேசையில் இருந்த கைமைக்கை எடுத்து அவரிடம் நீட்டினான். கோபமாக இல்லை. யாரோ கேட்ட பொருளை எடுத்துக் கொடுப்பவனைப்போலத்தான் கொடுத்தான்.

சண்முகலிங்கம் வாங்கினார்.

"அன்புசால் பெரியோர்களே..."

"சுருக்கமா, அங்கிள்."

வரிசையில் சிலர் திரும்பினார்கள். அவர் தொண்டையைச் செருமினார். மைக்கில் அது பெரிதாகக் கேட்டது.

"திலக்சன் செய்த ஒலிப்பதிவில இரைச்சல் இல்லை. இரைச்சல் என்ர காதில. டொக்டர் சோதிச்சுச் சொன்னது. எனக்குக் காது பழுது. நான் சொன்னது பிழை."

மண்டபத்தில் கரண்டிச் சத்தமும் பிள்ளைகளின் கத்தலும்தான் இருந்தன. பிறகு வரிசையின் நடுவிலிருந்து யாரோ, தட்டை உயர்த்திப் பிடித்தபடி உதவிசெய்கிற குரலில் கத்தினார்.

"அண்ணை, இங்கால கேக்கேல்லை! இன்னொருக்காச் சொல்லுங்கோ!"

இன்னொருதரம் சொன்னார். முதல் தடவை ஓடுகிற பஸ்ஸில் இருந்து குதிக்கிறமாதிரிச் சொல்லிவிடலாம். இரண்டாம் தடவை, தான் என்ன சொல்கிறார் என்று தெரிந்துகொண்டு, ஒவ்வொரு சொல்லாகச் சொல்லவேண்டியிருந்தது. இந்தமுறை எல்லோருக்கும் கேட்டது. ரோல்ஸ் எடுக்கப்போன கைகள் நின்றன. ஒரு மூலையில் யாரோ சிரித்து, சிரிப்பை இருமலாக மாற்றினார்கள்.

குலசிங்கம் வரிசையை உடைத்துக்கொண்டு ஓடிவந்தார்.

"அண்ணை, என்ன கதைக்கிறியள்? எனக்கும் கேட்டதே! ரெண்டு காதிலயும் கேட்டதே! அப்ப எனக்கும் காது பழுதோ?"

சண்முகலிங்கம் மைக்கை வாயிலிருந்து எடுக்கவில்லை. எடுக்கத்தான் நினைத்தார்.

"உமக்குக் காது நல்லா இருக்கு குலசிங்கம். உமக்கு ஒண்டும் கேக்கேல்லை. நான் சொன்னபடியாக் கேட்டது."

குலசிங்கத்தின் முகம் சிவந்தது. பஸ் வாங்குகளில் இருக்கிற முகம் அல்ல இது. அவர் பதில் சொல்லமுதல் அட்சயா சேலையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு வந்து நின்றாள்.

"அப்பா, அந்த மட்டையில இருக்கிற லிங்கை மாத்தலாம். ஃபைலை மட்டும் மாத்தினாச் சரி. டூ மினிற்ஸ் வேலை." பிறகு திலக்சனைப் பார்த்து, "அண்ணா, பழைய மிக்ஸ் வைச்சிருக்கிறீங்களா?" என்றாள்.

"இருக்கு."

"உங்கட பேரும் போடவேணும்."

"போடுங்கோ."

தகப்பனும் மகளும் தங்களுக்குள் இங்கிலீசில் சண்டை பிடித்துக்கொண்டு மேடைப் பக்கம் போனார்கள். வரிசை மெல்ல நகரத் தொடங்கியது. சண்முகலிங்கம் மட்டும் மைக்கோடு நின்றார்.

எங்கள் ஆட்களிடம் ஒரு வழக்கம் உண்டு. எவ்வளவு பெரிய பிழைக்கும், விட்டவர் தலைகுனிந்து வந்து நின்றால், "பரவாயில்லை, விடுங்கோ" என்று ஒரு சொல் சொல்லி அனுப்பிவிடுவார்கள். மனதுக்குள் பரவாயிருந்தாலும் சொல்வார்கள். வந்தவர் முகத்தைத் தூக்கிக்கொண்டு போய்ச் சாப்பிடட்டும் என்று சொல்வார்கள். அந்தச் சொல்லுக்காகத்தான் அவர் நின்றார்.

திலக்சன் அவர் கையிலிருந்து மைக்கை வாங்கினான். பொத்தானைக் கீழே இழுத்தான். மைக்கைத் துடைத்துப் பெட்டிக்குள் வைத்தான். மற்ற வயரை எடுத்து முழங்கையில் சுற்றத் தொடங்கினான்.

"சரி அங்கிள்" என்றான்.

அவர் இன்னும் கொஞ்ச நேரம் நின்று பார்த்தார்.